பதினோரு நொடி

லயனல் ப்ராக்வே கார்க் கதவை மூன்று முறை சாத்துவான்.
மூன்றாவது சத்தத்தை என்னிடம் கேட்பான்:
"ஓனா, தகரமா, இரும்பா?"
காதில் ஒலிவாங்கியின் இரைச்சலோடு
தலையை ஆட்டுவேன், இப்படியோ அப்படியோ.
பதினேழு வருடம் அதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

முன்பு அவன் எழுத்துக்காரன்.
வியாழன்தோறும் வரும் மோட்டார் வார இதழில்
அறுநூறு சொல்,
ஒன்று கூடினால் கீழே டயர் விளம்பரம் இடிக்கும்.
மழைக்கோட்டுப் பையில் அளவுநாடா,
சாண்ட்விச் சுற்றிய தாளில் பெட்ரோல் கணக்கு.
வேல்ஸ் மலைப்பாதையில் இரவு இரண்டு மணிக்கு
பிரேக் வாசனையை முகர்ந்து
அதற்கு ஒரு பெயரடை தேடுவானாம்.
கிடைக்காவிட்டால் மறுபடி மலையேறுவானாம்.

அத்தனையிலும் ஊர் மறக்காதது ஒரே வரி.
ஹார்லண்ட் பிப்பிட் என்ற சின்னக் காரைப் பற்றியது:
"பழுதாகி நிற்கும்போதுதான் இது நிம்மதியாக இருக்கிறது,
நாமும்தான்."

மதுக்கூடத்தில் சொன்னார்கள்.
கல்யாண விருந்தில் மாப்பிள்ளையைக் காட்டிச் சொன்னார்கள்.
அந்த வரிதான் அவனைத் தொலைக்காட்சிக்குக் கூட்டி வந்தது.

ஹார்லண்ட் ஆலை மூடியதற்கு
அந்த வரி காரணமில்லை.
வட்டி, எஃகு விலை, துறைமுகத்தில் வந்து இறங்கிய மலிவு வண்டிகள்,
கோல்ஃப் ஆடிய இயக்குநர்கள்.
அவனே வரிசையாகச் சொல்வான்,
யாரும் கேட்காதபோதும்.

முதல் நாள் படப்பிடிப்பில் முழு வாக்கியமாகப் பேசினான்,
அரைப்புள்ளிகூட காதில் விழுந்தது.
தயாரிப்பாளர் ஃபெனெல்லா சொன்னாள்:
"அழகு. பாதி போதும்."
அறுநூறு அறுபதானது,
அறுபது ஆறானது,
கடைசியில்
ஒரு புருவம்.
அது உயர்ந்தால் காட்சியறைகளில் விற்பனை சரியும் என்றார்கள்.
பெட்ரோல் பங்குகளில் லாரி ஓட்டுநர்கள்
ஜன்னலை இறக்கிப் புருவத்தைக் கேட்டார்கள்.
அவனும் கொடுத்தான், சில்லறை போல.
படப்பிடிப்புக்கு மட்டும் ரயிலில்தான் வருவான்.
பக்கத்து இருக்கைக்காரர்களிடம்
கணக்காளர் என்று சொல்லிக்கொள்வான்.

பிப்ரவரி. மோசமான பத்துக் கார்கள், சிறப்பு நிகழ்ச்சி.
ஓடக்கூடிய பிப்பிட் நாட்டில் எத்தனை மிச்சம் என்று
யாருக்கும் தெரியாது.
ஒன்றை பெரில் ஸ்டான்வே கொண்டுவந்தாள்,
பழைய ஆலையின் காலி மைதானத்துக்கே.
இப்போது அங்கே கம்பளக் கடை ஒன்று, புல், சேறு.
கதவு பொருத்தும் வரிசையில் பன்னிரண்டு வருடம் நின்றவளாம்.
பழைய வரியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.
சாவியை நீட்டினாள்.
"சோக்கை பாதி இழுங்க. முழுசா இழுத்தா கோவிச்சுக்கும்."

பூஜ்யத்துக்குக் கீழே நாலு டிகிரி.
திட்டப்படி அது இருமவேண்டும்,
இருமி அடங்கவேண்டும்,
புருவம் உயரவேண்டும்.

ஒரே திருகலில் பற்றிக்கொண்டது.

லயனல் உள்ளே உட்கார்ந்திருந்தான்.
கேமரா ஓடியது. அவன் பேசவில்லை.
நான் நொடிகளை எண்ணுகிறவள், எண்ணினேன்.
பிறகு இறங்கினான்,
கதவைச் சாத்தினான்,
ஒரே முறை.
என் பக்கம் திரும்பவில்லை.
இரும்பு என்று சொல்ல
வாயைத் திறந்து வைத்திருந்தேன்.

இரண்டாம் முறை எடுத்தார்கள்.
பெட்டியைத் திறந்து யாரோ ஒரு கம்பியைக் கழற்றினார்கள்,
வண்டி இருமியது,
புருவம் தன் வேலையைச் செய்தது.
பெரில் தூரத்தில் தேநீர்க் கோப்பையில் கை சூடேற்றிக்கொண்டிருந்தாள்.
ஞாயிறு இரவு நாடே சிரித்தது.

முதல் நாடா என்னிடம் இருக்கிறது.
சீராக ஓடும் சின்ன இன்ஜின்,
எங்கோ ஒரு காக்கை,
கையுறையில்லாத கட்டைவிரல்
ஸ்டீயரிங்கைத் தேய்க்கும் ஓசை.
பத்தாவது நொடியில் மூச்சை இழுக்கிறான்,
ஏதோ பெயரடை வரப்போகிறது என்று நினைப்பீர்கள்.

பெட்டியின் மேல் "சூழல் ஒலி" என்று எழுதி வைத்தேன்.
அப்படி எழுதினால்
எங்கள் தொழிலில் ஒருவரும் அழிக்கமாட்டார்கள்.
கேட்கவும் மாட்டார்கள்.